அந்த டேங்க் கேம் எங்கே கிடைக்கும்?
தோட்டத்துத் தோழர்களுக்கு ஒரு திறந்த மடல்

கேமரன் மலையின் லெம்பா பெர்த்தாம், ஹபு, ரிங்லெட் வட்டாரத்துத் தேயிலைத் தோட்டங்களில் பிறந்து வளர்ந்து, இன்று ஈப்போவிலும் கோலாலம்பூரிலும் சிங்கப்பூரிலும் குடும்பத்தோடு இருக்கும் அண்ணன் தம்பிகளுக்கும் அக்கா தங்கைகளுக்கும், இன்னும் மலையை விட்டு இறங்காதவர்களுக்கும் வணக்கம்.

கல்யாண வீடோ, கருமாதி வீடோ, தீபாவளியோ, எங்கே சந்தித்தாலும் உங்களில் யாராவது ஒருவர் என்னைத் தனியே இழுத்துக் கேட்டுவிடுகிறீர்கள்: "அந்த டேங்க் கேம் இப்போ எங்கேப்பா கிடைக்கும்? பையனுக்குக் காட்டணும்."

கிடைக்கும். டேங்க் மட்டுமல்ல, கொன்ட்ரா, மேரியோ, மெட்டல் கியர், பயிர் வைத்து மாடு வளர்த்த அந்த கேம், இவை எல்லாமே ஏதோ ஒரு டிஜிட்டல் கடையில் ஏதோ ஒரு வடிவில் காசுக்குக் கிடைக்கின்றன. ஆனால் ஒரே கடையில் எல்லாம் இல்லை. நாம் கூப்பிட்ட பெயரில் பல இல்லை. இன்றைக்கு இருப்பது அடுத்த வருடமும் இருக்கும் என்பதற்கும் உத்தரவாதம் இல்லை. இந்தக் கடைசி விஷயத்துக்காகத்தான், ஆளுக்கு ஆள் வாயால் சொல்வதை நிறுத்திவிட்டு இந்த மடலை எழுத உட்கார்ந்தேன்.

முதலில் பெயர்த் தகராறைத் தீர்த்துக்கொள்வோம். நம் லயத்து வீடுகளில் அசல் நிண்டெண்டோ யாரிடம் இருந்தது? 1983-இல் ஜப்பானில் வந்த ஃபேமிகாமைப் பார்த்துத் தைவானில் செய்த மைக்ரோ ஜீனியஸ்தான் இருந்தது. அதுவும் வாங்க முடியாத வீட்டில் பெயரே இல்லாத ஒரு பெட்டி இருந்தது. கேசட்டின் மேல் '64 இன் 1' என்று போட்டிருக்கும். உள்ளே போனால் பாதிப் பட்டியல், ஒரே கேம் வேறு வேறு பெயரில். கையேடு கிடையாது. செய்தவர்கள் யார் என்ற வரியைப் பல கேசட்டுகளில் அழித்தே விட்டிருந்தார்கள். ஆகவே நாமே பெயர் வைத்துக்கொண்டோம். இன்று ஸ்டீமிலோ பிளேஸ்டேஷன் கடையிலோ போய் 'டேங்க்' என்று அடித்தால், சம்பந்தமே இல்லாத நூறு கேம் வந்து நிற்கிறது.

நீங்கள் தேடுவதன் பெயர் 'பேட்டில் சிட்டி'. நாம்கோ நிறுவனம் 1985-இல் ஃபேமிகாமுக்காக வெளியிட்டது. மொத்தம் 35 கட்டங்கள். செங்கல் சுவருக்குள் இருக்கும் கழுகைக் காப்பாற்ற வேண்டும். இரண்டு பேர் சேர்ந்து ஆடும்போது தவறிப்போய்த் தோழன்மேல் சுட்டால் அவன் டேங்க் கொஞ்ச நேரம் மரத்துப்போய் நிற்கும். 2020-இல் வந்த 'நாம்கோ மியூசியம் ஆர்க்கைவ்ஸ்' இரண்டாம் தொகுப்புக்குள் இது உட்கார்ந்திருக்கிறது. சுவிட்ச், பிளேஸ்டேஷன், எக்ஸ்பாக்ஸ், ஸ்டீம் எல்லாவற்றுக்கும் அந்தத் தொகுப்பு உண்டு. தொகுப்பின் பெயரைப் போட்டுத் தேடினால்தான் அகப்படும்.

வாங்கிப் போட்டதும் சிலருக்கு ஒரு குழப்பம் வரும், முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன். "படகு எங்கே? படகை எடுத்தால் தண்ணீர்மேல் போகலாமே?" என்பீர்கள். அசல் பேட்டில் சிட்டியில் படகே கிடையாது. நட்சத்திரம், தொப்பி, மண்வெட்டி, கடிகாரம், வெடிகுண்டு, கூடுதல் டேங்க், அவ்வளவுதான். படகும் கைத்துப்பாக்கியும் 'டேங்க் 1990' என்ற திருத்தப்பட்ட கள்ளப் பதிப்பில் யாரோ சேர்த்தவை. நம் கேசட்டுகள் பலவற்றில் இருந்தது அந்தப் பதிப்பு. அதை எந்தக் கடையும் விற்காது, விற்கவும் முடியாது. நாம் வளர்ந்த கேம் அசலிலிருந்து ஒரு முழம் விலகியது என்று தெரிந்தபோது எனக்கு வருத்தமாக இல்லை. யாரோ ஒருவர் உட்கார்ந்து, தண்ணீர் குறுக்கே நிற்கிறதே என்று யோசித்து, ஒரு படகு செய்து கொடுத்திருக்கிறார் என்பது பெரிய விஷயமாகவே பட்டது.

கொன்ட்ராவுக்கு 'கொன்ட்ரா ஆனிவர்சரி கலெக்ஷன்' என்று தேடுங்கள். கொனாமி 2019-இல் வெளியிட்டது. அதற்குள் ஆங்கிலப் பதிப்பும் ஜப்பானிய ஃபேமிகாம் பதிப்பும் இரண்டும் இருக்கின்றன. ஜப்பானியதை எடுத்துப் போடுங்கள். முதல் கட்டத்தில் தென்னை ஓலை காற்றில் ஆடும், பனிக் கட்டத்தில் பனி அடித்துக்கொண்டு போகும். ஃபேமிகாம் கேசட்டில் கொனாமி வைத்த தனிச் சில்லு அந்த அசைவைக் கொடுத்தது. அமெரிக்காவுக்குப் போன கேசட்டில் அந்தச் சில்லு இல்லை, ஓலையும் ஆடாது. முப்பது உயிர் தரும் அந்த மேல்-மேல்-கீழ்-கீழ் இதிலும் வேலை செய்கிறது.

சட்டை போட்ட பையன்கள் உதைத்துக்கொண்டே பந்து ஆடுவார்களே, அது 'குனியோ'. 2020-இல் வந்த 'டபள் டிராகன் அண்ட் குனியோ-குன்' தொகுப்பில் 18 ஃபேமிகாம் கேம்கள், பந்து, ஹாக்கி, ஓட்டப்பந்தயம் உட்பட. பலவற்றை முதல் தடவையாக ஆங்கிலத்தில் படித்துப் புரிந்து ஆடலாம். மேரியோ, பலூன் ஃபைட், ஐஸ் கிளைம்பர், எக்ஸைட்பைக் நான்கும் நிண்டெண்டோ சுவிட்ச் ஆன்லைன் சந்தாவில் வருகின்றன. மலையில் இணையம் மெதுவாக இருக்கிறதே என்று தயங்க வேண்டாம். முதல் சூப்பர் மேரியோ கேம் முழுவதும் 40 கிலோபைட்தான். உங்கள் கைப்பேசியில் எடுக்கும் ஒரு படம் அதைவிடப் பல மடங்கு பெரிது.

இனி நம் மலைக்கே உரிய விஷயத்துக்கு வருகிறேன்.

பிளேஸ்டேஷன் வந்த பிறகு ஊரில் பையன்கள் டெக்கன் ஆடினார்கள், வின்னிங் லெவன் ஆடினார்கள். ஆனால் பெண்பிள்ளைகள், பையன்கள், சில வீடுகளில் அம்மாக்கள் உட்பட எல்லாரும் உட்கார்ந்து பார்த்த ஒரே கேம் 'ஹார்வெஸ்ட் மூன்: பேக் டு நேச்சர்'. தாத்தா விட்டுப்போன கொல்லையைத் திருத்திப் பயிர் வைக்கும் கதை. ஜப்பானில் 1999-இல் வந்தது, அடுத்த வருடம் ஆங்கிலத்தில். கோஸும் ஸ்ட்ராபெரியும் வசந்த காலப் பயிர். விதைப் பொட்டலத்தைப் பிரித்தால் ஒன்பது கட்டத்தில் விதை விழும்; ஆனால் பயிர் வளர்ந்துவிட்டால் அதன் ஊடே நடக்க முடியாது, நடுக்கட்டத்துக்குத் தண்ணீர் எட்டாது. அதனால் விவரம் தெரிந்தவர்கள் ஒரு கட்டத்தைக் கொத்தாமல் விட்டு எட்டிலேயே விதைப்பார்கள். மழை பெய்த நாளில் தண்ணீர் ஊற்ற வேண்டாம். கோடையில் புயல் வந்தால் வைத்த பயிர் நாசமாகலாம். சாயங்காலம் ஐந்து மணிக்குப் பெட்டியிலிருந்து விளைச்சலை எடுத்துப்போக ஆள் வருவார். ஐந்து தாண்டிப் பறித்தது மறுநாள் கணக்கு.

லோரி வரும் நேரத்துக்குள் காய்கறி கட்டி முடிக்க வேண்டும் என்று ஓடிய பெரியவர்களைப் பார்த்து வளர்ந்த பிள்ளைகளுக்கு இதை யார் விளக்க வேண்டும்? டவுன் பிள்ளைகள் அதை விளையாட்டாக ஆடினார்கள். நாம் அதில் கணக்குப் பார்த்து ஆடினோம்: எந்த விதைக்கு எத்தனை நாள், எது ஒரு தடவை பறித்தால் போச்சு, எது திரும்பத் திரும்பக் காய்க்கும். ஆண்டுக்கணக்கில் பலர் மெமரி கார்டில் சேர்த்து வைத்திருந்த கொல்லைகள் உண்டு.

இப்போது கடையில் போய் 'ஹார்வெஸ்ட் மூன்' என்று தேடுகிறவர்கள் ஏமாறுகிறார்கள். அந்தப் பெயரில் வருபவை வேறு கேம்கள். ஆங்கிலப் பெயருக்கு உரிமை வைத்திருந்தது நட்சுமே என்ற வெளியீட்டாளர். கேமை ஜப்பானில் செய்தது விக்டர் இன்டராக்டிவ்; அது பின்னால் மார்வெலஸ் நிறுவனத்தின் கைக்குப் போனது. 2014 வாக்கில் நட்சுமேயும் மார்வெலஸும் பிரிந்தார்கள். பெயர் நட்சுமேயிடம் நின்றது, அவர்கள் அந்தப் பெயரில் புதிதாக வேறு கேம்கள் செய்தார்கள். பழைய வம்சம் 'ஸ்டோரி ஆஃப் சீசன்ஸ்' என்று பெயர் மாற்றிக்கொண்டது. நம்முடைய அந்த ஊர், மினரல் டவுன், வேண்டுமென்றால் 'ஸ்டோரி ஆஃப் சீசன்ஸ்: ஃப்ரெண்ட்ஸ் ஆஃப் மினரல் டவுன்' என்று தேடுங்கள். 2020-இல் ஸ்டீமுக்கும் சுவிட்சுக்கும், 2021-இல் பிளேஸ்டேஷனுக்கும் எக்ஸ்பாக்ஸுக்கும் ஆங்கிலத்தில் வந்தது. அதே ஊர், அதே கடைக்காரர்கள், அதே திருவிழாக்கள். ஆனால் உருவமெல்லாம் புதிதாக வரைந்தது. 1999-இன் அதே முகம், அதே இசைதான் வேண்டும் என்கிறவர்களுக்கு இது முழுத் திருப்தி தராது. பழைய டிஸ்க்கும் பெட்டியும் இன்னும் வைத்திருப்பவர்கள் யாராக இருந்தாலும், தயவுசெய்து தூக்கிப் போடாதீர்கள்.

மற்ற பிளேஸ்டேஷன் கேம்களைச் சுருக்கமாகச் சொல்கிறேன். மெட்டல் கியர் சாலிட் 2023-இல் வந்த 'மாஸ்டர் கலெக்ஷன்' முதல் தொகுப்பில் இருக்கிறது. ஃபைனல் ஃபேன்டசி ஏழின் பழைய பதிப்பு தனியாகவே விற்பனைக்கு உண்டு. சுய்கோடென் ஒன்றும் இரண்டும் 2025 மார்ச்சில் மெருகேற்றப்பட்டு வந்தன. ரெசிடென்ட் ஈவில் முதல் மூன்றும் கணினிப் பதிப்பாக 2024-இல் ஜிஓஜி கடைக்கு வந்தன. பிளேஸ்டேஷன் பிளஸ் டீலக்ஸ் சந்தாவில் பழைய கேம் பட்டியல் ஒன்று தனியே உண்டு. 2022 மே மாதம் அது நம் பக்கம் தொடங்கியபோது, சோனியின் சொந்த கேம்கள் பலவற்றை ஐரோப்பாவுக்குச் செய்த 50 ஹெர்ட்ஸ் பதிப்பாகக் கொடுத்திருந்தார்கள். ஓட்டம் கொஞ்சம் மந்தமாக இருந்தது, எல்லாரும் சத்தம் போட்ட பிறகு 60 ஹெர்ட்ஸ் பதிப்பையும் சேர்த்தார்கள். கேம் மந்தமாக ஓடுகிறது என்று தோன்றினால் உங்கள் கை பழகாமல் போய்விட்டது என்று நினைக்காதீர்கள், பதிப்பைப் பாருங்கள். டிவியில் கேம் மோட் போடுங்கள். படத்தை அகலமாக இழுக்காதீர்கள்; அந்தக் கேம்கள் பழைய டிவியின் நாலுக்கு மூன்று அளவுக்கு வரையப்பட்டவை.

சில கேம்கள் வரவே வராது. ஏன் என்று தெரிந்துகொண்டால் தேடி அலைய வேண்டியதில்லை. தமிழ்நாட்டில் 'முஸ்தபா' என்றே பெயரெடுத்த கேம் சென்டர் கேம் ஒன்று உண்டு. கேப்காம் 1993-இல் செய்த 'கேடில்லாக்ஸ் அண்ட் டைனோசார்ஸ்'. அது மார்க் ஷுல்ட்ஸ் வரைந்த ஒரு படக்கதையை வைத்து, அனுமதி வாங்கிச் செய்தது. பெயரிலேயே கார் கம்பெனி வேறு இருக்கிறது. 2018-இல் கேப்காம் தன் பழைய அடிதடி கேம்கள் ஏழைக் கட்டி ஒரு தொகுப்பாக விற்றபோது இது அதில் இல்லை. வின்னிங் லெவனுக்கும் அதே கதி: ஆட்டக்காரர்கள், அணிகள், போட்டிகள் என்று ஒவ்வொன்றுக்கும் தனித்தனி ஒப்பந்தம், ஒவ்வொன்றுக்கும் காலாவதி. ஜிடிஏ சான் அண்ட்ரியாஸ் கடையில் இருக்கிறது, ஆனால் பாட்டு உரிமை முடிந்ததால் 2014-இல் வானொலிப் பாட்டுகள் சிலவற்றைப் பிடுங்கிவிட்டார்கள். வாத்து சுடும் கேமுக்குத் தடை வேறு வகை. துப்பாக்கியை அழுத்தியதும் திரை ஒரு கணம் கறுத்து, வாத்து இருந்த இடத்தில் வெள்ளைக் கட்டம் மின்னும். துப்பாக்கிக்குள் இருக்கும் கண் அந்த வெளிச்சத்தைப் பிடித்ததா என்று பார்க்கும். இது கண்ணாடிக்குழாய் டிவியின் வேகத்தை நம்பிச் செய்த வேலை. இன்றைய தட்டை டிவியில் படம் ஒரு நொடியின் சிறு பங்கு தாமதமாக வருகிறது. துப்பாக்கிக்கு அதுவே போதும், எதையும் பார்க்காமல் போய்விடும்.

அமெரிக்காவில் வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் 2023-இல் ஓர் ஆய்வு வெளியிட்டது. அந்நாட்டில் 2010-க்கு முன் வெளியான கேம்களில் 87 விழுக்காடு இன்று கடையில் வாங்கக் கிடைப்பதில்லை. ஆகவே, கிடைக்கும் 13 விழுக்காட்டில் நம் கேம் ஒன்று இருந்தால் அது சாதாரணம் இல்லை.

இருப்பதும் நிலைப்பதில்லை. வீ கன்சோலின் கடையை நிண்டெண்டோ 2019 ஜனவரி 30-இல் மூடியது. நூற்றுக்கணக்கான பழைய கேம்கள் அங்கே இருந்தன. 3டிஎஸ், வீ யூ கடைகள் 2023 மார்ச் 27-இல் போயின. எக்ஸ்பாக்ஸ் 360 கடை 2024 ஜூலை 29-இல். சேகா தன் பழைய கேம்கள் அறுபதுக்கு மேல் ஸ்டீம் முதலிய கடைகளிலிருந்து 2024 டிசம்பரில் எடுத்துவிட்டது. 2021-இல் சோனி பிளேஸ்டேஷன் 3 கடையை மூடப்போவதாக அறிவித்து, ஆடுகிறவர்கள் எதிர்ப்பைப் பார்த்து அடுத்த மாதமே பின்வாங்கியது. கேட்டால் நடக்கும் என்பதற்கு எனக்குத் தெரிந்த நல்ல உதாரணம் அது.

எனவே எதற்குக் காசு கொடுக்கிறோம் என்று பார்த்துக் கொடுங்கள். சந்தா என்பது தோட்டத்து வீடு மாதிரி: வேலை இருக்கும்வரை குடியிருக்கலாம், நின்றால் காலி செய்ய வேண்டும். ஒரு மாதம் காசு கட்டாவிட்டால் மேரியோ திறக்காது. ஒற்றையாக வாங்கும் தொகுப்பு, கடை மூடினாலும் உங்கள் இயந்திரத்தில் இறக்கி வைத்திருக்கும்வரை ஓடும். அதுகூட முழுச் சொத்து இல்லை, உரிமம்தான். கலிபோர்னியாவில் 2024-இல் போட்ட சட்டம் கடைக்காரர்களை இதை வெளிப்படையாகச் சொல்ல வைத்திருக்கிறது. ஜிஓஜியில் வாங்கினால் நிறுவும் கோப்பையே இறக்கி உங்கள் வன்வட்டில் வைத்துக்கொள்ளலாம், யாரும் திரும்பக் கேட்க முடியாது. கணினி வைத்திருப்பவர்களுக்கு என் முதல் சிபாரிசு அதுதான். கடன் அட்டை இல்லாதவர்கள் முன்பணக் குறியீடு வாங்கிக் கணக்கில் ஏற்றலாம். அவசரப்பட்டு முழு விலைக்கும் வாங்காதீர்கள். இந்தப் பழைய தொகுப்புகள் அடிக்கடி தள்ளுபடியில் பாதி விலைக்கும் கீழே வரும்.

"அம்பது நூறு வெள்ளிக்குக் கையடக்கப் பெட்டி வாங்கினால் பத்தாயிரம் கேம் வருதே, இதெல்லாம் எதுக்கு?" என்று சிலர் கேட்பீர்கள். கேட்பவர்கள்மேல் எனக்குக் கோபம் இல்லை. தேயிலை கிள்ளி, நிறுவை போட்டு, அந்தக் கூலியில் குடும்பம் நடத்தியவர்களிடம் அசல் கேசட் கேட்க நமக்கு வாய் வந்திருக்குமா? பாசார் மாலாம் இரவுச் சந்தையில் ஐந்து வெள்ளி டிஸ்க் இல்லாமல் இருந்தால் நம்மில் ஒருவருக்கும் ஹார்வெஸ்ட் மூன் தெரிந்திருக்காது. 2000-ஆம் ஆண்டின் ஒளிவட்டுச் சட்டம் வந்து அந்தக் கடைகள் மெல்ல ஒடுங்கிய காலத்தில் நாமே பலர் வேலைக்குப் போகத் தொடங்கிவிட்டோம். அன்று முடியவில்லை. இன்று நம்மில் பலரால் முடிகிறது. பேட்டில் சிட்டியை யாரும் வாங்கவில்லை என்றால் அடுத்த தொகுப்பில் அதைச் சேர்க்க நாம்கோவுக்கு என்ன காரணம் இருக்கிறது? நாம் கொடுக்கும் காசுதான், இந்தக் கேமைக் கேட்க ஆள் இருக்கிறது என்று அவர்களுக்குப் போய்ச் சேரும் ஒரே தகவல்.

கடையில் இருப்பது மட்டுமல்ல, நம் வீடுகளில் இருந்ததும் நிலைக்கவில்லை. 2013 அக்டோபர் 23 அதிகாலை சுல்தான் அபு பாக்கார் அணை திறந்துவிட்ட தண்ணீர் லெம்பா பெர்த்தாமுக்குள் வந்ததை உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. உயிர் போன வீடுகள் இருக்கும்போது கேம் பெட்டியைப் பற்றி யாரும் வாய் திறக்கவில்லை, அது சரிதான். ஆனால் வருடங்கள் கழித்து, சேறு அள்ளிய வீடுகளில் போனவற்றை எண்ணும்போது மெமரி கார்டும் அந்த எண்ணிக்கையில் வருகிறது. தண்ணீர் படாத வீடுகளில் நம் குளிரும் ஈரமும் அதே வேலையை மெதுவாகச் செய்கின்றன. கள்ள டிஸ்க்குகளில் பூஞ்சணம் பூத்துவிடுகிறது. கேசட்டுகள் அதைவிடக் கெட்டி. செம்பு முனையைச் சுத்தமான ஸ்பிரிட்டில் துடைத்தால் இன்றும் பல ஓடும். வாயால் ஊதாதீர்கள், எச்சில் ஈரம் முனையை அரிக்கும்.

டிஜிட்டல் கடையில் கணக்குத் திறந்த கையோடு பிள்ளைகளுக்கு ஒன்றைக் காட்டுங்கள்: 'வெண்பா'. 2023-இல் வந்தது. கனடாவுக்குக் குடிபெயர்ந்த தமிழ்க் குடும்பம், அம்மா இட்லி ஊற்றுவதிலிருந்து தொடங்கும். 2024-இல் பிரிட்டிஷ் பாஃப்டா விருதில் சிறந்த அறிமுக கேம் அதுதான். பழைய கேம் இல்லை, தெரியும். இருந்தாலும் நாம் ஜப்பானிய எழுத்தைப் புரியாமல் பார்த்து ஆடிய கேம்கள் இருக்கும் அதே கடைத் தட்டில் நம் வீட்டுச் சமையல்கட்டு இருக்கிறது என்பதை உங்கள் பிள்ளைகள் பார்க்க வேண்டும்.

உங்களிடம் கேட்பது இரண்டு. ஒன்று, வரும் தீபாவளிக்கு மேலே வரும்போது, மேல்தட்டில் சுருட்டி வைத்த கேசட், டிஸ்க், மெமரி கார்டு எதையும் குப்பையோடு அனுப்பாமல் எடுத்து வையுங்கள். கேசட்டை முன்னும் பின்னும் படம் எடுங்கள். மெமரி கார்டில் பேட்டரி கிடையாது, உள்ளே இருக்கும் கொல்லை இன்னும் உயிரோடு இருக்க வாய்ப்பு நிறைய.

இரண்டாவது, பெயர் தெரியாத கேம்களை நினைவில் இருக்கிறபடி எழுதி அனுப்புங்கள். யார் வருவார், எதைத் தாண்டுவார், இரண்டாம் கட்டத்தில் என்ன நிறம், எதுவானாலும் சரி. நானே ஒன்றைத் தேடிக்கொண்டிருக்கிறேன். கூடை முதுகில் கட்டிய ஒருவன் சரிவில் மேல்நோக்கி ஓடுவான், எதிரே கல் உருண்டு வரும், இடையிடையே கயிற்றுப் பாலம். ஹபு பக்கத்து வீடு ஒன்றில் மஞ்சள் கேசட்டில் இருந்தது, பட்டியலில் கடைசிப் பக்கம். பெயர் தெரிந்தவர்கள் சொல்லுங்கள். எந்தக் கடையில் இருக்கிறது, இருக்கிறதா என்று பார்த்து எல்லாருக்கும் எழுதுகிறேன்.

அன்புடன்,
உங்களோடு வளர்ந்த தோட்டத்துப் பிள்ளை